மேடை கொஞ்சம் உயரம்

பாலக்கரை, திருச்சி
9 ஜூன் 2024

அன்பு மகள் ஜாஸ்லினுக்கு அப்பா எழுதிக்கொண்டது. மரியே வாழ்க. இங்கே நானும் அம்மாவும் நலம். கொடைக்கானல் குளிர் உனக்கு ஒத்துக்கொண்டதா? மடத்தில் சேர்ந்த பிள்ளையை 'சிஸ்டர்' என்றுதான் எழுத வேண்டும் என்கிறாள் அம்மா. எனக்கு இன்னும் கை வரவில்லை.

பயிற்சியில் இருக்கும் நவகன்னியருக்கு போன் கிடையாது, கடிதம்தான், அதையும் மதர் படித்துவிட்டுத்தான் தருவார்கள் என்று நீ சொன்னாய். ஆகவே இதை முதலில் படிக்கும் மதர் அவர்களுக்கும் என் வணக்கம். நான் பத்தாவது வரை படித்தவன், அதையும் இரண்டு தவணையில் முடித்தவன். பிழை இருந்தால் சிவப்பு மையில் திருத்தி அனுப்பினாலும் கோபித்துக்கொள்ள மாட்டேன்.

விசேஷம் என்னவென்றால், நம் வீட்டு அடுக்களையை இடித்து மாடுலர் கிச்சன் போடப்போகிறோம். என்னோடு ஜவுளிக்கடையில் வேலை பார்க்கும் சரவணன் வீட்டுக் கிரகப்பிரவேசத்தில் பார்த்தேன். டிராயரை லேசாகத் தள்ளினால் மிச்ச தூரம் அதுவே போய் மூடிக்கொள்கிறது. நான் இருபது தடவை திறந்து மூடியதில் அவன் மனைவி முறைக்க ஆரம்பித்துவிட்டாள்.

தில்லைநகர் கம்பெனியிலிருந்து அஃபீஃபா என்று ஒரு பெண் அளவெடுக்க வந்தது. உன் வயதுதான் இருக்கும். நல்ல சுறுசுறுப்பு. "வீட்ல யார் சமைக்கிறது? அவங்க வந்து நில்லுங்க, முழங்கை உயரத்துக்குத்தான் மேடை போடணும்" என்றது. அம்மா வாசல்படியில் வெங்காயக் கையோடு நின்றாள். எனக்கு எங்கிருந்துதான் வந்ததோ, "நம்மதாம்மா சமையல்" என்று போய் நின்றுவிட்டேன். "சூப்பர் அங்கிள்!" என்று அந்தப் பெண் கைதட்டி, என் முழங்கைக்கு டேப் பிடித்துக் குறித்துக்கொண்டது. சுடுதண்ணீர் வைக்கத் தெரியாதவனுக்கு வந்த மரியாதையைப் பார்த்தாயா!

உடம்பைப் பார்த்துக்கொள்.
அப்பா சவரிராயன்

ஜாஸ்லின், தலைக்குக் குளித்தால் நன்றாகத் துவட்டு. ஸ்வெட்டர் போடு. எனக்காக ஜெபி. — அம்மா


கொடைக்கானல்
2 ஜூலை 2024

அன்புள்ள அப்பாவுக்கும் அம்மாவுக்கும் ஜாஸ்லினின் அன்பு முத்தங்கள். நான் நலம். சளி பிடித்து, இப்போது தேவலை. உங்கள் இருவரின் நலத்துக்காக தினமும் செபமாலையில் பத்து மணிகளை ஒதுக்கியிருக்கிறேன்.

எனக்கு இந்த மாதம் சமையலறைப் பணி. ஒரு அண்டாவை நகர்த்த மூன்று பேர் வேண்டும். அம்மா ஒற்றைக் கையால் குழம்பை இறக்கிவைப்பது இப்போதுதான் பெரிதாகத் தெரிகிறது.

உங்கள் கடிதத்தைப் படித்து மதர் நன்றாகச் சிரித்தார்கள். ஆனால் அப்பா, ஒரு சந்தேகம். உங்கள் முழங்கை அம்மாவின் தோளுக்கு வருமே? பிறகு அம்மாவை நிற்க வைத்து அளவை மாற்றினார்களா? மறக்காமல் எழுதுங்கள்.

அன்புடன்,
ஜாஸ்லின்


பாலக்கரை
11 ஆகஸ்ட் 2024

அன்பு மகளுக்கு, மரியே வாழ்க. நாங்கள் இருவரும் நலம். சளிக்கு மிளகுப்பால் கிடைக்குமா அங்கே? மதரிடம் கூச்சப்படாமல் கேள்.

அடுக்களை முடிந்துவிட்டது! நம் வீட்டுக்குள் நுழைந்தால் நமக்கே செருப்பைக் கழற்றத் தோன்றுகிறது. கதவெல்லாம் சந்தன நிறம். மூலை அலமாரியை இழுத்தால் உள்ளே இருக்கும் தட்டுகள் தேர் மாதிரி சுற்றிக்கொண்டு வெளியே வருகின்றன. சிம்னி என்று ஒன்று. கையை அசைத்தால் ஓடும், மறுபடி அசைத்தால் நிற்கும். முதல் நாள் அதன் முன்னால் நின்று நான் சிலுவை அடையாளம் போட்டேன். நெற்றிக்குப் போன கையில் ஓடி, நெஞ்சுக்கு வந்த கையில் நின்றுவிட்டது. அம்மா சிரித்தாள். கடைசியாக அன்றைக்குத்தான்.

அவளும் பழகிக்கொண்டு வருகிறாள். ஒரு பிளாஸ்டிக் ஸ்டூல் வாங்கிக் கொடுத்திருக்கிறேன். நல்ல கனமான ஸ்டூல், சிவப்பு நிறம். அதில் ஏறி நின்றால் எல்லாம் எட்டுகிறது. இறங்காமல் இடதுபக்கம் நகரத்தான் முடியவில்லை. அதனால் கடுகை எடுக்க இறங்கி, ஸ்டூலைத் தள்ளி, ஏறி, தாளித்து, இறங்கி... உடற்பயிற்சி ஆயிற்று என்று நான்தான் சொல்வேன்.

அஃபீஃபா கம்பெனிக்காரர்கள் ஏதோ படம் எடுக்க வருகிறார்களாம்.

அப்பா

நன்றாக இருக்கிறேன். — அம்மா


கொடைக்கானல்
1 செப்டம்பர் 2024

அன்புள்ள அப்பா, நான் நலம். நீங்களும் அம்மாவும் நலமா?

கேட்ட கேள்விக்கு நேராகப் பதில் எழுதாமல் சிம்னியைப் பற்றி எழுதியிருக்கிறீர்கள். ஸ்டூலைப் பற்றி எழுதியதில் பதில் வந்துவிட்டது. அம்மாவுக்கு முழங்கால் வலி உண்டு என்பது உங்களுக்குத் தெரியுமே அப்பா. கம்பெனியில் சொல்லி மாற்றித் தரச் சொல்லுங்கள்.

அம்மா ஏன் இரண்டே வார்த்தை எழுதியிருக்கிறார்கள்?

ஜாஸ்லின்


பாலக்கரை
22 செப்டம்பர் 2024

அன்பு மகளுக்கு, மரியே வாழ்க. நலம். மாற்றுவதைப் பற்றி யோசிக்கலாம். எடுத்தவுடனே போய்க் குறை சொன்னால் அந்தப் பெண் என்ன நினைக்கும்? அளவுக்கு நின்றவனே நான்தானே.

உன் அப்பன் இப்போது நடிகன். இதைக் கேள். கம்பெனிக்காரர்கள் கேமராவோடு வந்தார்கள். எனக்கு ஏப்ரன் கட்டிவிட்டார்கள், கையில் கரண்டி. அம்மா வைத்திருந்த மீன் குழம்பு அடுப்பில் கொதித்தது. "அங்கிள், கிளறிக்கிட்டே பேசுங்க" என்றது அஃபீஃபா. நான் கிளறிக்கொண்டே, "நம்ம கைப்பக்குவந்தாங்க, வீட்டுக்காரம்மாவுக்கு நான் சமைச்சாத்தான் இறங்கும்" என்று ஒரு போடு போட்டேன். எல்லாரும் விழுந்து விழுந்து சிரித்தார்கள். கேமராக்காரத் தம்பி மட்டும், "ஆன்ட்டி, ஃபிரேம்ல வரீங்க, கொஞ்சம் தள்ளிக்குங்க, அந்த ஸ்டூலையும் எடுத்துருங்க" என்றான். நானும் உன் அம்மாவைப் பேர் சொல்லிக் கூப்பிட்டு, "அற்புதம், அந்தப் பக்கம் போயேன்" என்றேன். அவள் ஸ்டூலைத் தூக்கிக்கொண்டு பின்கட்டுக்குப் போனாள்.

அது இப்போது எல்லார் போனிலும் ஓடுகிறது. பங்குச்சாமியார் பூசை முடிந்து என் கையைக் குலுக்கினார். "குடும்ப விழாவுல ஒரு அஞ்சு நிமிஷம் பேசுங்க சவரிராயன், முன்மாதிரிக் கணவர் நீங்க" என்றார். பக்கத்தில் அம்மா முக்காட்டைச் சரி செய்துகொண்டு நின்றாள்.

மழைக்காலம் வருகிறது, நனையாதே.

அப்பா


கொடைக்கானல்
20 அக்டோபர் 2024

அன்புள்ள அப்பா, நான் நலம்.

போன கடிதத்தை மதர் என்னிடம் கொடுக்கும்போது சிரிக்கவில்லை.

உங்கள் கடிதத்துக்குக் கீழே அம்மாவின் எழுத்து இல்லை. எத்தனை வேலை இருந்தாலும் இரண்டு வரி எழுதாமல் அம்மா கடிதத்தை ஒட்ட விடமாட்டார்களே. அம்மாவை எனக்குத் தனியாக ஒரு கடிதம் எழுதச் சொல்லுங்கள்.

ஜாஸ்லின்


பாலக்கரை
17 நவம்பர் 2024

அன்பு மகளுக்கு, மரியே வாழ்க. நான் நலம். அம்மாவும் நலமாகத்தான் இருப்பாள்.

ஸ்ரீரங்கத்தில் உன் லூர்து சித்திக்குக் கால் வலி. கூடமாட ஒத்தாசைக்கு அம்மா போயிருக்கிறாள். முதலில் காலையில் போய், சாயங்காலம் தூக்குச்சட்டியில் குழம்பும் பொரியலும் எடுத்துக்கொண்டு பஸ்ஸில் வந்துகொண்டிருந்தாள். காவிரிப் பாலத்து நெரிசலில் குழம்பு பாதி பஸ்ஸுக்கே நைவேத்தியம். அப்புறம், தினம் எதற்கு அலைச்சல் என்று அங்கேயே தங்கிவிட்டாள். போன் செய்தால் சித்திதான் எடுக்கிறாள். "அக்கா குளிக்கிறாங்க மாமா" என்கிறாள். உன் அம்மா இவ்வளவு சுத்தமானவள் என்று எனக்கு இதுவரை தெரியாது.

நான் சத்திரம் பஸ் ஸ்டாண்டு பக்கம் ஒரு மெஸ்ஸில் சாப்பிட்டுக்கொள்கிறேன். வீட்டில் அடுப்பு புத்தம் புதிதாக இருக்கிறது. துடைக்கக்கூட வேலையில்லை.

கடிதம் எழுதும்படி அம்மாவுக்குச் சொல்லியனுப்பினேன்.

அப்பா

குடும்ப விழாவுக்கு நான் போகவில்லை. வயிற்றுவலி என்று சொல்லிவிட்டேன். மதர் இதைக் கணக்கில் வைக்க வேண்டாம்.


ஸ்ரீரங்கம்
1 டிசம்பர் 2024

அன்பு மகள் ஜாஸ்லினுக்கு அம்மா எழுதுவது. நான் சுகம். நீ சுகமா? குளிர் எப்படி இருக்கு?

சித்திக்குக் கால் வலி இல்லை. நல்லா ஓடியாடித் திரியுறா. கடிதம் மதர் கைக்குத்தான் போகும்னு தெரிஞ்சும் எழுதுறேன். பொய் எழுத எனக்குத் தெம்பில்லை.

அப்பா மேல கோபம்னு நினைக்காதே. மேடை உயரம் எனக்குப் பெரிசில்லை. பஸ் படியிலிருந்து ரேஷன் கடை ஜன்னல் வரைக்கும் எல்லாமே எனக்கு உயரம்தான். அந்தப் பொண்ணு யார் சமைக்கிறதுன்னு கேட்டப்போ உங்கப்பா போய் நின்னார். சரி, விளையாட்டுக்கு நிக்கிறார், இப்ப சிரிச்சிட்டு என்னைக் கூப்பிடுவார்னு கையைக்கூட முந்தானையில துடைச்சுக்கிட்டேன். கூப்பிடலை. டேப்பைச் சுருட்டிட்டாங்க. அப்புறம் படம் பிடிக்கிற அன்னைக்குத் தள்ளி நிக்கச் சொன்னார். நின்னேன். அந்தப் படத்தை சித்தி போன்ல பார்த்தேன். குழம்பு என்னுது, அடுக்களை எங்களுது, படத்துல நான் கிளறுற கரண்டிகூட இருக்கு. நான் இல்லை.

உனக்கு மனசு கஷ்டமாகும்னுதான் எழுதாம இருந்தேன். நல்லா சாப்பிடு.

அம்மா


கொடைக்கானல்
15 டிசம்பர் 2024

அன்புள்ள அப்பா,

கிறிஸ்துமஸுக்கு முந்தைய திருவருகைக் காலத்தில் நாங்கள் வீட்டுக்குக் கடிதம் எழுதக் கூடாது. இதற்கு மட்டும் மதர் அனுமதி தந்தார்கள். நான் கேட்காமலேயே தந்தார்கள்.

அம்மாவின் கடிதம் வந்தது. நான் உங்களுக்குப் புத்தி சொல்ல மாட்டேன், நீங்கள் என் அப்பா. நீங்கள் எழுதிய முதல் கடிதத்தைப் படித்துவிட்டு நானும்தான் சிரித்தேன், அதை நினைத்தால் கோவிலில் கண்ணை மூட முடியவில்லை.

கிறிஸ்து பிறப்புக்கு அம்மா எங்கே இருப்பார்கள்?

ஜாஸ்லின்


பாலக்கரை
12 ஜனவரி 2025

அன்பு மகளுக்கு. நான் நலம் என்று எழுதினால் அது வழக்கத்துக்கு எழுதுவது.

கிறிஸ்துமஸுக்கு அம்மா ஸ்ரீரங்கத்திலேயே இருந்துவிட்டாள். அச்சுமுறுக்கு மட்டும் சித்தியின் வீட்டுக்காரரிடம் கொடுத்தனுப்பினாள். ஒரு டப்பா நிறைய. அதைத் திறக்க எனக்குத் துணிச்சல் வரவில்லை. இப்போதெல்லாம் நான் விடியற்காலை முதல் பூசைக்குத்தான் போகிறேன். அந்த இருட்டில் முன்மாதிரிக் கணவரை யாருக்கும் அடையாளம் தெரியாது.

பொங்கல் விற்பனைக்குக் கடையில் நல்ல கூட்டம். ஒரு அம்மா, "எனக்கு எவ்வளவு துணி ஆகும்?" என்று கேட்டாள். ஏற இறங்க ஒரு பார்வை பார்த்துவிட்டு, "இரண்டே கால் மீட்டர் போதும்மா" என்றேன். நாற்பது வருஷமாகப் பெரியகடை வீதியில் அதுதான் என் வித்தை, யாரையும் பார்வையாலேயே அளந்துவிடுவேன். துணியைக் கிழித்த கை அப்படியே நின்றுவிட்டது. சரவணன் வந்து, "என்னண்ணே, சுகர் இறங்கிடுச்சா?" என்றான். இறங்கியது சுகர் இல்லை.

மறுநாள் அரை நாள் லீவு போட்டுவிட்டுத் தில்லைநகர் போனேன். நுழைந்ததும் அஃபீஃபா, "வாங்க செஃப் அங்கிள்!" என்று கடை அதிரக் கூப்பிட்டது. அங்கே இரண்டு குடும்பங்கள் உட்கார்ந்து கதவு நிறம் பார்த்துக்கொண்டிருந்தன. சுவரில் என் படம், ஏப்ரனும் கரண்டியுமாக, கதவளவு பெரிதாக.

"அத எடுத்துரும்மா" என்றேன்.

"ஏன் அங்கிள்? நம்ம பெஸ்ட் கஸ்டமர் நீங்க."

"எனக்குச் சமைக்கத் தெரியாது."

அது சிரித்தது. "ஜோக் அடிக்காதீங்க அங்கிள்."

"ஜோக்கு அன்னைக்கு அடிச்சது. இன்னைக்குச் சொல்றது நிஜம்."

"அப்ப மீன் குழம்பு?"

"அவ வெச்சது."

"அந்த ஸ்டூல்?"

"அவளோடது."

கதவு நிறம் பார்த்துக்கொண்டிருந்த பெண்களில் ஒருத்தி தன் புருஷனைத் திரும்பிப் பார்த்தாள். அவர் உடனே போனை எடுத்துப் பார்க்க ஆரம்பித்தார். அஃபீஃபா கையிலிருந்த கதவு மாதிரியைக் கீழே வைத்தது. அப்புறம், "ஆன்ட்டி பேர் என்ன அங்கிள்?" என்றது. சொன்னேன். அலமாரியில் இருந்த நம் அடுக்களை வரைபடத்தை எடுத்து, என் பெயரை அடித்துவிட்டு அம்மாவின் பெயரை எழுதியது. வீடியோவையும் என் கண் முன்னாலேயே எடுத்துவிட்டது. எத்தனை பேர் போனில் இன்னும் கிடக்கிறதோ, அது கர்த்தருக்குத்தான் தெரியும். அலமாரியின் கால்களைக் குட்டையாக்கி மேடையை இறக்கலாமாம். "ஆன்ட்டி வந்து நின்னா போதும், நானே அளவெடுக்கறேன்" என்று போன் நம்பரும் வாங்கிக்கொண்டது. சித்தியின் நம்பரைக் கொடுத்துவிட்டு வந்தேன். வந்து நிற்க அவள் வேண்டுமே.

இப்போது ஒரு உதவி. வெறுங்கையோடு ஸ்ரீரங்கம் போக முடியாது. அம்மாவுக்குப் பிடித்ததாக ஏதாவது வாங்கிப் போகலாம் என்று பஜாரில் ஒரு சுற்று சுற்றினேன். ஒவ்வொரு கடை வாசலிலும் நின்றேன். எனக்குப் பிடித்தது எல்லாம் தெரிந்தது. உனக்குப் பிடித்தது, ஜாங்கிரி, அதுவும் தெரிந்தது. அம்மாவுக்கு என்ன பிடிக்கும் ஜாஸ்லின்? நீ பெண்பிள்ளை, கூடவே திரிந்தவள், உனக்குத் தெரிந்திருக்கும். சீக்கிரம் எழுது.

அப்பா


கொடைக்கானல்
26 ஜனவரி 2025

அன்புள்ள அப்பா, நான் நலம்.

எனக்கும் தெரியவில்லை.

நிறைய யோசித்தேன். மீனில் தலை எடுத்துக்கொள்வார்கள். அது பிடித்ததாலா, மிச்சம் அதுதான் என்பதாலா? தோசையில் முதல் தோசை அவர்களுக்கு, சரியாக வராத தோசை. எல்லாரும் எழுந்த பிறகு உட்கார்ந்து சாப்பிடுவார்கள், நான் அதற்குள் புத்தகத்தை எடுத்துக்கொண்டு போயிருப்பேன். மடத்துக்கு வந்த அன்று 'உன் தாயைப் பற்றிச் சொல்' என்றார்கள். அரைமணி நேரம் பேசினேன். இது அதில் இல்லை.

உங்கள் கடிதத்தைக் கொடுத்தபோது மதர், "என்ன பதில் எழுதப்போற?" என்று கேட்டார்கள். தெரியவில்லை மதர் என்றேன். அவர்கள் தம் அறைக்குப் போய்க் கதவைச் சாத்திக்கொண்டார்கள். அவர்கள் அம்மா இறந்து பல வருஷம் ஆகிறது.

வெறுங்கையோடு போங்கள் அப்பா. ஆனால் போங்கள்.

ஜாஸ்லின்


பாலக்கரை
9 பிப்ரவரி 2025

அன்பு மகள் ஜாஸ்லினுக்கு அப்பா எழுதிக்கொண்டது. மதருக்கு என் வணக்கம். இதைப் படித்து அவர்கள் வருத்தப்படக் கூடாது.

நேற்று கடையில் சொல்லிவிட்டுச் சீக்கிரம் கிளம்பி, சத்திரத்தில் பஸ் ஏறினேன். ஸ்ரீரங்கம் ஸ்டேஷன் பக்கம் இறங்கிச் சித்தி வீட்டுக்கு நடந்தேன். வழியில் ஒரு டீக்கடை. வாசலில் பெரிய சட்டியில் வாழைக்காய் பஜ்ஜி போட்டுக்கொண்டிருந்தார்கள். அந்தக் கூட்டத்தில் உன் அம்மா நின்றாள், பக்கத்தில் சித்தி. அம்மா கையில் காகிதத்தில் ஒரு பஜ்ஜி. எண்ணெயிலிருந்து அப்போதுதான் எடுத்தது. பிய்க்கிறாள், சுடுகிறது, கையை உதறுகிறாள், ஊதுகிறாள், வாயில் போட்டு அங்கும் இங்கும் உருட்டுகிறாள். சித்தி ஏதோ சொல்ல, வாயைப் பொத்திக்கொண்டு சிரிக்கிறாள்.

நான் ரோட்டுக்கு இந்தப் பக்கம் ஒரு ஆட்டோவுக்குப் பின்னால் அப்படியே நின்றேன் ஜாஸ்லின். சூடாக எதையும் அவள் சாப்பிட்டு நான் பார்த்ததில்லை. நம் வீட்டில் சூடு எல்லாம் என் தட்டுக்கும் உன் தட்டுக்கும் வந்தது. அவள் உட்காரும்போது சோறு ஆறியிருக்கும், அவள் அதைப் பற்றி ஒரு வார்த்தை சொன்னதில்லை, நானும் கேட்டதில்லை. கையை அசைத்தால் புகையை உறிஞ்சும் எந்திரம் எல்லாம் வாங்கி மாட்டினேன்.

என்னைப் பார்த்துவிட்டால் அதைக் கீழே வைத்துவிடுவாள். ஆகவே அவள் முடித்துக் கையைத் துடைக்கும் வரைக்கும் அங்கேயே நின்றேன். ஆட்டோக்காரர், "எங்க சார் போகணும்?" என்று இரண்டு தரம் கேட்டார். பிறகு ரோட்டைக் கடந்தேன்.

"எப்ப வந்தீங்க?" என்றாள்.

"இப்பத்தான்."

மதர் மன்னிக்கவும். இந்த ஒரு பொய்யை நான் பாவசங்கீர்த்தனத்தில் சொல்லப்போவதில்லை.

சித்தி, பால் வாங்கணும் என்று நகர்ந்துவிட்டாள். நான் தில்லைநகர் போனதைச் சொல்ல வாயெடுத்தேன். "தெரியும், அந்தப் பொண்ணு போன் பண்ணுச்சு" என்றாள்.

"என்ன சொல்லுச்சு?"

"நீங்க எல்லார் முன்னாலயும் சொன்னீங்களாம். அளவெடுக்க எப்ப வரலாம்னு கேட்டுச்சு."

"நீ என்ன சொன்ன?"

"ஒண்ணும் சொல்லல."

 அப்புறம் அவள் என் முகத்தைப் பார்த்துவிட்டு, "சாப்பிட்டீங்களா?" என்றாள். இத்தனை மாசம் கழித்தும் அதைத்தான் கேட்டாள். எனக்கு முகத்தை எங்கே வைத்துக்கொள்வது என்று தெரியவில்லை. கடைக்காரரிடம் இன்னொரு பஜ்ஜி வாங்கி அவளிடம் நீட்டினேன்.

"எனக்குப் போதுங்க. நீங்க சாப்பிடுங்க."

"சூடா இருக்கு அற்புதம். நீ சாப்பிடு."

வாங்கிக்கொண்டாள். அவள் பர்ஸையும் குடையையும் நான் வாங்கிப் பிடித்துக்கொண்டேன். நம் பக்கம் போகிற பஸ் ஒன்று வந்து நின்று கிளம்பிப் போயிற்று. அவள் அவசரப்படவில்லை. ஊதி ஊதி, ஒவ்வொரு துண்டாக, ரோட்டைப் பார்த்துக்கொண்டு சாப்பிட்டாள்.

வீட்டுக்கு வருகிறாயா என்று கேட்கத்தான் அவ்வளவு தூரம் போனேன். கேட்கவில்லை. கேட்டிருந்தால் பாதியில் நிறுத்தியிருப்பாள்.

அப்பா